முனிரத்தினத்தின் மலைச்செருப்பு

தன்னில் பாதி ரயிலேறிப் போய்விட்ட பிறகும் மலை என்றே சொல்லிக்கொள்கிற மலை ஒன்று உண்டு. அதன்மேல் உள்ள ஊருக்குப் பாதிமலை என்று பெயர். எண்பது வருஷம் அதை வெடிவைத்துப் பிளந்தார்கள், பிளந்ததை உடைத்தார்கள், உடைத்ததைக் கூடை கூடையாய் வேகனில் ஏற்றினார்கள், வேகன் போன திசையில் நகரம் எழுந்தது. துறைமுகத்துக்குக் கொஞ்சம், பாலங்களுக்குக் கொஞ்சம், மிச்சமெல்லாம் தண்டவாளத்துக்கு அடியில் கொட்டுகிற ஜல்லி. ஒருநாள் அடிப்பாறையில் வைத்த வெடிக்குக் கல்லுக்குப் பதிலாகத் தண்ணீர் பீறிட்டு வந்து குவாரிப் பள்ளத்தை நிறைத்தது. முதலாளி கிரஷரைக் கழற்றிக்கொண்டு போனார். கல்லுடைத்தவர்கள் போகவில்லை. மிஞ்சிய சரிவில் மிஞ்சிய கல்லை வைத்து வீடு கட்டினார்கள், அடிவாரத்திலிருந்து உச்சிவரை இருநூற்றுப் பதினெட்டுப் படி போட்டார்கள், பிள்ளைகளைப் படிக்க வைத்தார்கள். படித்த பிள்ளைகள் கல் போன வழியிலேயே ரயிலேறி நகரத்துக்குப் போனார்கள். கல் திரும்பவில்லை, பிள்ளைகள் மாலையில் திரும்பினார்கள், வித்தியாசம் அவ்வளவுதான்.

பாதிமலையில் மண் சிவப்பு. நகரத்தில் தரை வெள்ளை. ஆஸ்பத்திரி வார்டிலும் துணிக்கடையிலும் வங்கி வாசலிலும் சிவப்புத் தடத்தைப் பார்த்தே "மலைக்காரங்க வந்துட்டாங்கய்யா" என்று சொல்லிவிடுவார்கள். வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே ஒரு பெண்ணை அவள் தடத்தை அவளையே துடைக்கச் சொன்னார்கள் என்று பேச்சு. அவள் யார் என்பது மறந்துபோயிற்று, அவள் துடைத்த மறுநாள் தொடங்கிய வழக்கம் மட்டும் மறக்கவில்லை. குவாரிக் கம்பெனி விட்டுப்போன டயரில்லாத லாரி ஒன்று அடிவாரத்தில் கிடந்தது. அதன் தொட்டிக்குள் பலகை அடித்து, வேலைக்குப் போகிற ஒவ்வொருவருக்கும் செருப்பு வைக்க ஓர் அறை ஒதுக்கினார்கள். காலையில் மலைச்செருப்போடு படியிறங்கி, அதை லாரியில் விட்டு, பையிலிருக்கும் ரயில்செருப்பை மாட்டிக்கொண்டு போவார்கள். மாலையில் வந்து ரயில்செருப்பைப் பைக்குள் வைத்து, மலைச்செருப்பை மாட்டிக்கொண்டு ஏறுவார்கள். அடுத்தவர் செருப்பை அவசரத்துக்கும் யாரும் தொடுவதில்லை. லாரிக்கு எதிரே டீக்கடை வைத்திருக்கிற மதலைமுத்து, பலகையில் மிச்சமிருக்கிற செருப்பை ஒரு பார்வை பார்த்தே அடுத்த வண்டிக்கு எத்தனை டீ போடவேண்டும் என்று கணக்காகச் சொல்லிவிடுவார்.

அந்த லாரிக்கு இன்னொரு வேலையும் இருந்தது. ஒரு குடும்பம் தன் ஆள் ஒருவரை இனி வேண்டாம் என்று முடிவு செய்தால், சண்டை போடுவதில்லை, பஞ்சாயத்து வைப்பதில்லை. பகலில் யாராவது இறங்கிவந்து அந்த ஆளின் மலைச்செருப்பை எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். மாலையில் வந்து காலி அறையைப் பார்ப்பவருக்குப் புரிந்துவிடும். குடித்துவிட்டு வந்து அடித்துக்கொண்டிருந்த தேவகிருபையின் புருஷன் அப்படித்தான் ஒரு மாலை காலி அறைக்கு முன்னால் நின்றான், மதலைமுத்து கொடுத்த டீயைக் குடித்தான், அடுத்த வண்டியில் திரும்பிப் போனான். நாலு வருஷமாகிறது.

அஞ்சலாட்சியின் வீடு நூற்றி நாற்பதாவது படியில் இருந்தது. அவள் மலையிலேயே பால்வாடியில் ஆயாவாக இருந்தாள். மகள் நிவேதா ஒன்பதாவது படித்தாள். புருஷன் முனிரத்தினம் நகரத்தில் பன்னிரண்டு மாடிக் கட்டடம் ஒன்றில் லிஃப்ட் ஓட்டினான். நாளெல்லாம் நின்ற இடத்திலேயே மேலும் கீழும் போய்வருகிறவன் வீட்டுக்கு வர நூற்றி நாற்பது படி ஏறுகிறானே என்று டீக்கடையில் கேலி செய்வார்கள், அவனும் சிரிப்பான். ஏழு இருபது வண்டியில் வந்து இறங்குவான். பதினோரு வருஷம் அந்த வண்டிதான்.

நிவேதாவுக்குப் பள்ளிக்கூட விழாவில் பரிசு கொடுத்த நாளில், ஐந்து மணிக்கே வந்துவிடுகிறேன் என்று சொன்ன முனிரத்தினம் எட்டரைக்கு வந்தான். மறுநாள் காலையில் டிபன் பாக்ஸைக் கையில் கொடுக்கும்போது அஞ்சலாட்சி அவன் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள்:

"நீங்க வந்தா என்ன, வராட்டி என்ன."

அவன் "சரி" என்றான். செருப்பை மாட்டிக்கொண்டு படியிறங்கினான். அன்று மாலை ஏழு இருபது வண்டி பாதிமலைக்கு நாலு ஸ்டேஷன் முன்னால் வந்துகொண்டிருந்தபோது, வாசல்படிக் கூட்டத்திலிருந்து தண்டவாளத்து ஜல்லியின்மேல் விழுந்தான். அந்த ஜல்லி எந்த மலையிலிருந்து போனது என்று பாதிமலையில் யாருக்கும் யாரும் சொல்லவேண்டியதில்லை. வீடு வருவதற்கு முன்னாலேயே அவன் தன் மலைமேல் விழுந்துவிட்டான். உடம்பை வெள்ளைத்துணியில் சுற்றிக் கொடுத்தார்கள். அவன் போட்டிருந்த ரயில்செருப்பு இரண்டும் கிடைக்கவில்லை.

தவறி விழுந்ததாகக் காகிதத்தில் எழுதியிருந்தது. அஞ்சலாட்சிக்குக் காகிதம் போதவில்லை. அதே வாசல்படியில் நின்றுவந்த வரதன் என்கிற பையனை மூன்று தடவை கூப்பிட்டுக் கேட்டாள். மூன்று தடவையும் அவன் ஒன்றையே சொன்னான்.

"கம்பியப் பிடிச்சிருந்தாரு அண்ணி. அப்பறம் பிடிக்கல. நான் பாத்தது அவ்ளோதான்."

வழுக்கியதா, விட்டானா? வந்தா என்ன, வராட்டி என்ன என்று அவள் சொன்னதற்கு அவன் சொன்ன அந்த "சரி" என்ன சரி? அதைமட்டும் தெரிந்துகொண்டால் போதும், பிறகு எத்தனை வருஷம் வேண்டுமானாலும் அழாமல் இருந்துவிடலாம் என்று அவள் நினைத்தாள்.

காரியமெல்லாம் முடிந்த மறுநாள் மாலை, ஏழு இருபது வண்டி வந்து ஜனம் படியேறத் தொடங்கியபோது, லாரியிலிருந்து முனிரத்தினத்தின் மலைச்செருப்பும் இறங்கிக் கூட்டத்தோடு ஏறியது. பழுப்பு ரப்பர், நீல வார், இடது வாரில் ஓர் ஊக்கு. படியேறுகிறவர்கள் தங்கள் காலைத்தான் பார்ப்பார்கள் என்பதால் அறுபது படிவரைக்கும் யாரும் கவனிக்கவில்லை. வளைவில் துணிக்கடைப் பெண் ஒருத்தி, இரண்டு கையிலும் காய்கறிப் பையோடு, முன்னால் போகிற செருப்பைப் பார்த்து, "யாருங்க அது, கொஞ்சம் சீக்கிரம் ஏறுங்க" என்றாள். சொல்லிவிட்டு நிமிர்ந்தாள். செருப்புக்கு மேலே கால் இல்லை. காலுக்கு மேலே இருக்கவேண்டியதும் இல்லை.

"சரி, மெதுவாவே போங்கண்ணே" என்று சொல்லிவிட்டு அவள் பின்னால் ஏறினாள்.

செருப்பு நூற்றி முப்பத்தொன்பதாவது படிவரை வந்து நின்றது. முனிரத்தினம் எப்போதும் செருப்பைக் கழற்றிவிடுவது அதற்கு மேலே, வாசல்கல்லில், அஞ்சலாட்சியின் செருப்புக்குப் பக்கத்தில். இது ஒரு படி கீழேயே நின்றுவிட்டது. இரவெல்லாம் அங்கேயே இருந்தது. விடிந்து முதல் ஆட்கள் இறங்கும்போது தானும் இறங்கிப்போய் லாரியில் தன் அறையில் உட்கார்ந்துகொண்டது. மாலையில் மறுபடி ஏறியது. ஞாயிற்றுக்கிழமை மட்டும் இறங்கவில்லை. அன்றைக்கு மலையிலிருக்கிற எல்லாச் செருப்பும் வீட்டோடுதானே இருக்கும்.

இப்படித்தான் அது பாதிமலையின் தினசரிகளில் ஒன்றாயிற்று. குடியிருப்போர் சங்கம் கூடி, படியில் இடது ஓரத்தைச் செருப்புக்கு விடவேண்டும், யாரும் முந்தக்கூடாது, செல்போனில் படம் எடுக்கக்கூடாது என்று முடிவு செய்தது. அடிவாரத்துக் கோயில் பூசாரியும் சபை போதகரும் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து பேசி, யாருக்கும் தொந்தரவில்லாத காரியத்துக்குப் பரிகாரமும் வேண்டாம், ஜெபமும் வேண்டாம் என்று ஒத்துப்போனார்கள். அவர்கள் ஒத்துப்போன முதல் விஷயம் அதுதான். ரேஷன் அட்டையில் பெயரை எடுக்கப்போன அஞ்சலாட்சியிடம் கடைக்காரர் பேனாவை மூடிவைத்துவிட்டு, "தினமும் ஏறி வர்றவரு பேர எப்பிடிம்மா அடிக்கிறது, கொஞ்ச நாள் போவட்டும்" என்றார். எதிர்வீட்டுத் தேவகிருபை துணி காயப்போட்டுக்கொண்டே சொன்னாள்: "என் வீட்டுக்காரன் என்னோட இருந்தப்பகூட இவ்ளோ ஒழுங்கா வீடு வந்து சேந்ததில்ல. நீ குடுத்துவெச்சவ."

குவாரித் தண்ணீரில் மகனைப் பறிகொடுத்த அற்புதமும் அவள் புருஷனும் மட்டும் வேறொன்று செய்தார்கள். மகனின் பள்ளிக்கூட ஷூவைப் பெட்டியிலிருந்து எடுத்து, பாலிஷ் போட்டு, நாடா கட்டி, லாரியில் காலியாயிருந்த அறை ஒன்றில் வைத்தார்கள். ஒவ்வொரு மாலையும் எதிரே வந்து நின்றார்கள். முனிரத்தினத்தின் செருப்பு இறங்கிப் போகும், ஷூ அப்படியே இருக்கும். நாற்பது நாள் பார்த்துவிட்டு அதை எடுத்துக்கொண்டு போனார்கள். அதற்குப் பிறகு ஏழு இருபது வண்டிச் சத்தம் கேட்டதும் அற்புதம் கதவைச் சாத்திக்கொண்டாள். அஞ்சலாட்சி பால்வாடிக்குப் போகும்போது அந்த வீட்டைத் தலைகுனிந்து கடந்தாள்.

அஞ்சலாட்சிக்கு மட்டும் ஒன்று தீரவில்லை. வருகிறது அவனா, செருப்பா?

"செருப்புதான்டி" என்றாள் தேவகிருபை. "பதினோரு வருசம் ஏறின பழக்கம். மாட்ட அவுத்துவுட்டா அது பாட்டுக்கு வீட்டுக்கு வரல? அந்த மாதிரி."

"அப்ப ஏன் ஒரு படி கீழயே நிக்குது?"

 அதற்குப் பதில் தனக்கே தெரியும் என்று அஞ்சலாட்சிக்குத் தோன்றியது, அதனால்தான் அவள் அதைத் திரும்பத் திரும்பக் கேட்டாள். சமையல் முடிந்ததும் வாசல்கல்லில் உட்கார்ந்து, கீழ்ப்படியிலிருக்கும் செருப்பிடம் அன்றைய விஷயங்களைச் சொல்வாள்: பால்வாடியில் முட்டை வராதது, நிவேதா கணக்கில் வாங்கிய மார்க்கு, தண்ணி லாரி வந்த நேரம். கடைசியில் குரலைத் தாழ்த்தி, "வழுக்கிடுச்சா? இல்ல, நீங்களா விட்டீங்களா?" என்பாள். செருப்பு இருந்தபடி இருக்கும். "மேல வாங்களேன்" என்பாள். வராது.

ஐந்து மாதம் ஆயிற்று. படிக்கல் கரடு, ஆள் ஏறினாலும் ஏறாவிட்டாலும் ரப்பர் தேயத்தானே செய்யும். வலது குதிகாலில் ஓட்டை விழுந்து அதன் வழியே கல் தெரிந்தது. இடது வார் ஊக்கிலிருந்து நழுவிக்கொண்டே இருந்தது. செருப்பு தைக்கிறவரிடம் கொடுக்கலாமா என்று சங்கத்தில் கேட்டதற்கு, ஒரு நாள் தவறினால் என்ன ஆகும் என்று யாருக்கும் தெரியாது, கை வைக்கவேண்டாம் என்றார்கள். அஞ்சலாட்சி தினமும் காலையில் அது இறங்குவதைப் பார்த்துக்கொண்டு நிற்பாள். இன்னும் எத்தனை தடவை என்று மனம் எண்ணும், எண்ணாதே என்று அவளே அதட்டுவாள்.

ஐப்பசியில் மழை பிடித்தது. மூன்றாம் நாள் விடியும்போது படியெல்லாம் ஓடையாகி, சிவப்புத் தண்ணீர் கல்லையும் கிளையையும் உருட்டிக்கொண்டு அடிவாரத்துக்கு ஓடியது. வேலைக்குப் போகிறவர்கள் ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு இறங்கினார்கள். செருப்பும் கிளம்பியது. நாலு படி இறங்குவதற்குள் தண்ணீர் அதைப் புரட்டியது, நிமிர்ந்தது, மறுபடி புரட்டியது, இடது வார் ஊக்கை விட்டு வெளியே வந்து தொங்கியது. அஞ்சலாட்சி தலையில் சாக்கைக்கூடப் போட்டுக்கொள்ளாமல் ஓடிப்போய் இரண்டையும் வாரி எடுத்தாள். ஐந்து மாதத்தில் அவள் அதைத் தொட்டது அதுதான் முதல் தடவை. வீட்டுக்குள் கொண்டுவந்து பழைய துண்டில் சுற்றினாள். பிடித்த கோழிபோல அது கொஞ்ச நேரம் திமிறியது.

நிவேதா பள்ளிக்கூடம் லீவென்று பாயிலேயே உட்கார்ந்திருந்தாள். "விடும்மா" என்றாள். "அப்பாவுக்கு லேட்டாவுது."

"இந்த மழையில எங்கடி போறாரு. ஒரு நாள் லீவு போட்டா ஒண்ணும் ஆவாது."

சொன்ன பிறகுதான் அந்தச் சொல் எவ்வளவு நன்றாக இருக்கிறது என்று அவளுக்குத் தெரிந்தது. லீவு. ஞாயிற்றுக்கிழமைகளில் செருப்பு வீட்டோடு இருப்பதில்லையா, இதுவும் அப்படி ஒரு நாள். இன்றைக்கு அது படியேறவேண்டாம், தேயவேண்டாம், ஒரு படி கீழே நிற்கவும் வேண்டாம். வாசல்கல்லைத் தாண்டி உள்ளேயே வந்துவிட்டது. துண்டுக்குள் திமிறல் அடங்கியது. அவள் அதை அடுப்புக்குப் பக்கத்தில், சூடு படுகிற இடத்தில் வைத்தாள். வாரை ஊக்கில் திரும்ப மாட்டினாள். மத்தியானம் மழை விட்டது. கருவாட்டுக் குழம்பு வைத்தாள், அவன் போனதிலிருந்து அந்த வீட்டில் வைக்காத குழம்பு. நிவேதா இரண்டாம் தடவை சோறு கேட்டாள். சாயங்காலம் அவர்கள் மூன்று பேர் வீட்டிலிருப்பதுபோல் இருந்தது.

ஏழு இருபது வண்டி வந்த சத்தம் கேட்டது. ஜனம் ஏறிப் போயிற்று. கொஞ்ச நேரம் கழித்து யாரோ பெருமூச்சும் முனகலுமாகப் படியேறி வருவது கேட்டது. மதலைமுத்து. முழங்கால் வலியால் நாலைந்து வருஷமாக மலையேறாதவர், சுவரைப் பிடித்துக்கொண்டு, வேட்டி முழுக்கச் சேற்றோடு வாசலில் வந்து நின்றார்.

"அஞ்சல, செருப்ப எடுத்தியா?"

"ஆமாண்ணே. மழையில அடிச்சிட்டுப் போயிடுமேன்னு..."

"எடுத்துட்டியா." அவர் வாசல்கல்லில் உட்கார்ந்துவிட்டார். "ஆள் வந்துட்டுப் போயிட்டாரும்மா."

 அவள் துண்டை உதறிச் செருப்பைக் கையில் எடுத்தாள்.

"உருவம் ஒண்ணும் தெரியலம்மா, தடம்தான் தெரிஞ்சுது. வெறுங்கால். லாரி முன்னால வந்து நின்னுது. டீ ஊத்தி வெச்சேன். எடுக்கல. சொல்லலாம்னு பாத்தா யாருகிட்டச் சொல்றது, எந்தப் பக்கம் பாத்துச் சொல்றது..."

மீதியை அவள் கேட்கவில்லை. தன் செருப்பை மாட்டிக்கொண்டு, அவன் செருப்பை மார்போடு அணைத்துக்கொண்டு நூற்றி நாற்பது படியையும் ஓடி இறங்கினாள்.

அடிவாரத்தில் மழை மண்ணை வழித்துப் பூசிவிட்டதுபோல் வைத்திருந்தது. அந்த மெழுகலின்மேல், ஏறிப்போன ஜனத்தின் தடங்களிலிருந்து விலகி, ஸ்டேஷன் பக்கத்திலிருந்து, ஒற்றையாய் ஒரு தடம் வந்திருந்தது. இடது காலில் சுண்டுவிரல் இல்லாத தடம். முனிரத்தினம் ஏழு வயதில் அப்பனுக்குக் குவாரிக்குச் சோறு கொண்டுபோனபோது கல் விழுந்து போன விரல் அது. தடம் லாரிக்கு நேரே வந்திருந்தது. அவன் அறைக்கு முன்னால் மண் குழம்பியிருந்தது. முன்னால் போய், பின்னால் வந்து, பக்கத்து அறைகளையும் குனிந்து பார்த்திருக்கிறான், இடம் மாறி வைத்திருப்பார்களோ என்று. யாருடைய செருப்பையும் தொடவில்லை. பிறகு படிக்கட்டுக்கு வந்திருக்கிறான். முதல் படிக்குக் கீழே இரண்டு பாதமும் சேர்ந்து, விரல்கள் மலையைப் பார்க்க, ஒரு விரற்கடை ஆழத்துக்கு அழுந்தியிருந்தன. அவ்வளவு நேரம் நின்றிருக்கிறான். அதற்குப் பிறகு குதிகால்கள் திரும்பியிருந்தன.

அஞ்சலாட்சி அங்கே குனிந்து நின்றபோதுதான் காலி அறை என்றால் பாதிமலையில் என்ன அர்த்தம் என்பது அவளுக்கு உறைத்தது. காலையில் வாரி எடுக்கும்போது உறைக்கவில்லை, துண்டில் சுற்றும்போது உறைக்கவில்லை, குழம்பு கொதிக்கும்போதும் உறைக்கவில்லை. லீவு என்று நினைத்திருந்தாள்.

ஸ்டேஷன் ரோட்டில் திரும்பிப்போன தடத்தின் பின்னாலேயே ஓடினாள். ஏழு ஐம்பது வண்டியில் வந்த ஜனம் எதிரே வந்துகொண்டிருந்தது. ரோடு நிறைத்து வருகிறவர்கள் அன்றைக்கு ஒற்றை வரிசையாக, சாக்கடை ஓரமாக, ரயில்செருப்பெல்லாம் சேறாக, ஒருவர் பின் ஒருவராக வந்தார்கள். யாரும் அவர்களுக்குச் சொல்லியிருக்கவில்லை. நடுரோட்டில் தடம் ஒன்றுகூட மிதிபடாமல் இருந்தது. வரிசையில் வந்த வரதன் அவளையும் அவள் கையிலிருந்ததையும் பார்த்துவிட்டு, "ஓடுங்க அண்ணி, பிளாட்பாரத்துல இன்னும் ஈரமா இருக்கு" என்றான்.

பிளாட்பாரத்தின் சிமெண்டுத் தரையில் சிவப்பு ஈரமாய்த் தடம் போயிற்று. போகப்போக மண் குறைந்து, நிறம் குறைந்து, கடைசியில் நகரத்துக்குப் போகிற வண்டி நிற்கும் ஓரத்தில், மஞ்சள் கோட்டுக்கு இந்தப் பக்கம், வண்டிக்குக் காத்திருக்கிறவன் நிற்பதுபோல் இரண்டு பாதமும் ஒன்றாய் நின்று முடிந்திருந்தது. அதற்கப்பால் எதுவுமில்லை. தண்டவாளமும் ஜல்லியும்தான்.

"சிட்டி வண்டியா? இப்பதாம்மா போச்சு" என்றார் பெஞ்சில் கூடையோடு உட்கார்ந்திருந்த வேர்க்கடலை விற்கிறவர்.

அவன் வந்திருக்கிறான். ஐந்து மாதமும் வந்துகொண்டுதான் இருந்திருக்கிறான், செருப்பு அல்ல, அவன். வராமல் இருக்க நினைத்தவன் ஒவ்வொரு நாளும் வெறுங்காலோடு வந்து அந்த லாரி முன்னால் நிற்கமாட்டான். அன்றைக்கும் வந்துகொண்டுதான் இருந்திருக்கிறான். கம்பி வழுக்கியிருக்கிறது, அவ்வளவுதான். வாசல்கல்லில் உட்கார்ந்து ஐந்து மாதம் கேட்ட கேள்விக்கு அஞ்சலாட்சிக்குப் பதில் கிடைத்துவிட்டது. அந்தப் பதிலோடு அவள், அவனுடைய செருப்பை மார்போடு பிடித்துக்கொண்டு நின்றாள்.

கூரைக்குக் கீழே மின்விசிறி ஓடியது. தடம் விரல்நுனியிலிருந்து காய்ந்துகொண்டு வந்தது. அவள் செருப்பைப் பெஞ்சில் வைத்தாள். தன் செருப்பையும் கழற்றினாள். அந்த இரண்டு பாதங்களின்மேல் தன் இரண்டு பாதங்களையும் வைத்து, அவன் பார்த்த திசையைப் பார்த்து நின்றாள். ஈரம் இருந்தது. சில்லென்றுகூட இருந்தது. அவனுடைய தடம் அவள் காலைவிடப் பெரியது, சுற்றிலும் ஒரு சிவப்பு ஓரம் தெரிந்தது. வண்டிகள் இரண்டு வந்து போயின. இறங்கிய மலைக்காரர்கள் அவளைச் சுற்றி விலகி நடந்தார்கள்.

"அம்மா, அடுத்த வண்டி வருது, கொஞ்சம் தள்ளி நில்லுங்க" என்றார் வேர்க்கடலைக்காரர்.

அவள் குனிந்து பார்த்தாள். சிவப்பு ஓரம் இல்லை. முதலில் வலது காலை எடுத்தாள், பிறகு இடது காலை. அங்கே தரை காய்ந்திருந்தது.